பெயர் சொல்ல விரும்பாத

ஆராதனை முடிந்து காணிக்கை எண்ணும் மூவரில் நான் ஒருவன்.
தாராவி, தொண்ணூறடி ரோடு, கோயிலின் பின்னறை.
மழை நாளில் மோட்டார் ஓடிக்கொண்டே இருக்கும்.
நோட்டு செல்லையா அண்ணாச்சிக்கு, உறைகளும் அவருக்கே.
சில்லறை என் பங்கு.
தேய்ந்த இரண்டு ரூபாயை ஒரு ரூபாயிலிருந்து
பார்க்காமலே பிரிப்பேன்.
யார்டே சொல்லித் தந்தது, என்பார்.
ஒரு பஸ் கண்டக்டர், என்பேன்.
பொய் இல்லை.

கண்டக்டர் பெயர் விலாஸ்.
வாடகைப் பத்திரத்தில் நாங்கள் நண்பர்கள்.
சயானில் ஒரே அறை, ஒரே கொசுவலை.
அலமாரியில் என் பைபிள்,
அது சாயாமலிருக்க முட்டுக்கொடுத்து
அவனுடைய பித்தளைக் கணபதி.

இன்று பிரசங்கம் லேவியராகமம்.
ஐயர் நல்லவர்.
அம்மா ஆஸ்பத்திரியில் கிடந்தபோது
பதினோரு நாள் தூக்குவாளியில் கஞ்சி கொண்டுவந்தவர்.
அவர்தான் அந்தச் சொல்லையும் சொன்னார்,
அருவருப்பு,
நிறுத்தி, இரண்டு தரம்.
நான் பாட்டுப் புத்தகத்தின் தையலை எண்ணிக்கொண்டிருந்தேன்.

பதினேழு வயதில் நாற்பது நாள் உபவாசம் இருந்தேன்,
ஆண்டவரே இதை என்னைவிட்டு எடுத்துப்போடும் என்று.
எட்டு கிலோ எடுத்துப்போட்டார்.
அதற்குமேல் கை வைக்கவில்லை.
கைவிட்டுவிட்டார் என்று அன்று அழுதேன்.
கை வைக்க வேண்டிய இடம் அதில்லை என்று
விட்டுவைத்தாரோ, என்று இப்போது
சில ராத்திரிகளில் தோன்றும்.
சில ராத்திரிகளில் தோன்றாது.

பிரசங்கம் முடிந்து ஸ்தோத்திரக் காணிக்கை வாசித்தார்,
போன ஞாயிறு வந்த உறைகள்.
ஆபரேஷன் சுகமாய் முடிந்ததற்காக, ஞானதீபம் குடும்பம், ஐந்நூறு.
மகளுக்கு நர்சிங் சீட்டு கிடைத்ததற்காக, இருநூறு.
குக்கர் வெடித்தும் யாருக்கும் ஒன்றும் ஆகாததற்காக, நூற்றொன்று.
கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு,
பெயர் சொல்ல விரும்பாத ஒரு குடும்பம்,
பத்து வருடம் காத்து நடத்தியதற்காக, ஆயிரம்.

ஆமென், என்றது சபை.
முன்வரிசை, பால்கனி,
தூணில் சாய்ந்து தூங்கிய எபனேசர் வரைக்கும்.
அண்ணாச்சியின் ஆமென் எப்போதும் கொஞ்சம் பிந்தித்தான் வரும்.
அதுவும் வந்தது.

உறையை எச்சில் தொட்டு ஒட்டியது விலாஸ்.
என்ன எழுதியிருக்கிறாய், என்று கேட்டான்.
குடும்பம், என்று வாசித்துக் காட்டினேன்.
மராட்டியிலும் அதேதான்,
கடைசி 'அம்' மட்டும் உங்களுக்கு அதிகம், என்றான்.
தமிழ் தெரியாதவன்,
அந்தச் சொல்மேல் விரலை வைத்துக்கொண்டு
கொஞ்ச நேரம் எடுக்கவில்லை.

மொத்தம் பதினாறாயிரத்து நானூற்று இருபத்தேழு.
மூவரும் கையெழுத்திட்டோம்.
என் கையெழுத்தை அண்ணாச்சி
தேவைக்கு மேல் ஒரு நொடி பார்த்தார்.
அலமாரியைப் பூட்டிக்கொண்டே,
போன வாரம் அந்த ஆயிரம் ரூபா உறை,
எழுத்து அழகா இருந்துச்சுடே, என்றார்.
வேறு ஒன்றும் சொல்லவில்லை.
சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு,
மழை விடாது போலிருக்கே, குடை இருக்காடே?

இருக்கு அண்ணாச்சி,
எதிர் டீக்கடையில் நிற்கிறது.