அரைப்பேர்

ஒன்பது வருஷம்
என் இடக்கை அவன் அக்குளுக்குக் கீழே
ஜெர்சியைக் கொத்தாகப் பிடித்திருந்தது.
பெண்சாதியைக்கூட அவ்வளவு நேரம்
அப்படி நான் பிடித்ததில்லை.
அதனால் பாக்கியநாதன் என்றதும்
முகம் வருவதில்லை எனக்கு, காதுதான் வருகிறது.
ஸ்கிரம்மில் தேய்ந்து தேய்ந்து
எண்ணெயில் சுருண்ட முறுக்குத்துண்டு போல
தடித்து மூடிக்கொண்ட காது.

கிளப் மைதானத்தில் ரோலர் இழுக்கத்தான் வந்தான்,
டிக்கோயாவுக்கு மேலேயிருந்து.
ஒரு சனிக்கிழமை துரைமார் அணியில் ஓர் ஆள் குறைந்தது.
பூட்ஸ் துரையுடையது. கால் இவனுடையது.
முதல் ஆட்டத்தில் இரண்டு நகம் போயிற்று.
எதிரே நின்ற பெரிய உடம்பு
மூன்று தரம் பின்னால் போயிற்று.

போர்டு எழுதுகிற பையனுக்கு இடம் போதவில்லை.
'பாக்கி' என்று நிறுத்திவிட்டான்.
பொருள் தெரிந்தது எங்கள் இருவருக்கு மட்டும்.
"செக்ரோலிலும் அரைப்பேர், இங்கேயும் அரைப்பேரா, ஜவ்பர்?"
பல்கவசத்தைக் கையில் எடுத்துக்கொண்டு
இரத்தத்தோடு சிரித்தான்.

லைன் அவுட்டில் பந்து எறிகிறவன் நான்.
சொல் கொடுக்கிறவன் அவன்.
கொழுந்து என்றால் முன்னால்,
வாது என்றால் நடுவில்,
கவ்வாத்து என்றால் கடைசி ஆளுக்கு.
மற்ற ஆறு பேரும் சிங்களப் பையன்கள்.
ழகரம் வராமல் 'கொலுந்து' என்றார்கள்.
பந்து மட்டும் சரியாகக் கைக்கு வந்தது.

தொண்ணூற்றாறு. கொழும்பு. இராணுவ அணி.
பழக்கதோஷத்தில், வயிற்றின் அடியிலிருந்து,
"கவ்வாத்து!"
மைதானம் மூச்சை நிறுத்தியது.
கூரைப் பக்கம் யாரோ எழுந்து நின்றான்.
பந்தைத் தலைக்குமேல் தூக்கியபடி
அடையாள அட்டை எந்தப் பையில் இருக்கிறதென்று
யோசித்துக்கொண்டிருந்தேன்.
அப்போது ஆறாம் நம்பர் தர்மப்ரிய
"கவ்வாத்து, கவ்வாத்து" என்றான்,
இதெல்லாம் அவன் பாட்டன் சொத்து மாதிரி.
எறிந்தேன். கோணல்.
விசில் எங்களுக்கு எதிராக.

இரவு அவிசாவளைச் சாவடியில்
பாக்கியை மட்டும் இறக்கினார்கள்.
டோர்ச் வெளிச்சம் அட்டையில் நின்றது,
பிறகு முகத்தில், பிறகு காதில்.
"ரக்பியா?" என்று கேட்டான் சிப்பாய்.
எந்த இடம், எத்தனை கிலோ என்றும் கேட்டான்.
ஏறி வந்து உட்கார்ந்தவன்
ஹட்டன் வரும்வரை ஜன்னலைத் திறக்கவில்லை.

நாட்டுக்காக ஏழு ஆட்டம்.
எட்டாக இருந்திருக்கும்.
முதல் பயணத்துக்குப் பாஸ்போர்ட் எடுக்கப் போனால்
அப்பாவின் பிரசாவுரிமைப் பத்திரம் கேட்டார்கள்.
தகரப் பெட்டியில் கரையான்
முத்திரை இருந்த மூலையைத் தின்றிருந்தது.
விமானம் போயிற்று.
அவன் அந்தக் கிழமை முழுதும் மைதானத்துக்குச் சுண்ணாம்புக் கோடு போட்டான்.
ஒரு கோடும் வளையவில்லை.

ட்ரை? ஒன்றுமில்லை.
ஒன்று வைத்தான், பந்து நழுவியதென்று தள்ளிவிட்டார்கள்.
நழுவவில்லை. கீழே கிடந்தது நான்தான், பார்த்தேன்.

வேல்ஸிலிருந்து ஒரு கிளப் வந்தது, மழைக்காலம்.
ஆட்டம் முடிந்து ஜெர்சி மாற்றிக்கொண்டார்கள்.
அவன் எதிரே முட்டியவனுடையது
சிவப்பு, கனம், இவனுக்கே பெரிது.
ஒரு மாதம் கழித்து லயத்துக்குப் போனேன்.
கொழுந்து நிறுக்கும் இடத்தில் அவன் அம்மா
அதைப் படங்காக இடுப்பில் கட்டியிருந்தார்.
"முள் ஏறாது தம்பி, நல்ல துணி."
பாக்கி ஒன்றும் சொல்லவில்லை.
கூடையைப் பிடித்துத் தராசில் வைத்தான்.

இப்போது கழுத்து திரும்புவதில்லை.
கூப்பிட்டால் முழு உடம்பும் திரும்பி வருகிறது,
லொறி ஒன்று வளைவெடுப்பது போல.
மாதம் ஒருமுறை நாவலப்பிட்டிக் கடைக்கு வருவான்.
மாவு, பருப்பு, தைல போத்தல்.
காசு அடுத்த மாதம்.
கடன் கொப்பியில் நான்
பாக்கியநாதன் என்று முழுப்பேராக எழுதுவேன்.
சுருக்கி எழுதினால் என் மகன்
கூட்டிப் பார்க்கும்போது குழம்பிவிடுவான்.