மூன்றாவது அடுக்கு

பர்கூர் துணிக்கடைகள்
ஷட்டரை முழங்கால் உயரம் தூக்கி வைத்து
வியாபாரம் செய்த சித்திரை அது.
குனிந்து நுழைந்தேன்.
ரோட்டில் ஜீப் வருகிறதா என்று பார்த்துக்கொண்டே
கட்பீஸ் மூட்டையைக் கொட்டினார் குபேந்திரன்.
"மாஸ்க்குக்குத்தானே, எதுவானா என்ன?
மூஞ்சி மறைஞ்சாப் போதும்."

குழுவுக்கு வந்த ஆர்டர் இரண்டாயிரம்.
ஒன்றுக்குப் பன்னிரண்டு ரூபாய்,
நூல், எலாஸ்டிக், என் இடுப்புவலி எல்லாம் சேர்த்து.

முதலில் சாட்டின்.
மூக்கில் வைத்து எண்ணினேன்.
பதினொன்றில் வியர்த்தது.
பதினான்கில் கோபம் வந்தது.
துணி வழியே போகாத மூச்சு
கன்னத்தோரம் நழுவி ஓடியது,
கடன் கொடுத்தவனைக் கண்டவன்
சந்தில் திரும்புவது மாதிரி.

அடுத்து, பீரோவின் அடித்தட்டிலிருந்த
ரவிக்கைத் துணிகள்.
வளைகாப்பு, புதுமனை, வரலட்சுமி நோன்பு என்று
தாம்பூலத் தட்டேறி வீடு வீடாகச் சுற்றி
ஒரு உடம்பையும் தொடாதவை.
நான் கொடுத்த ஊதா ஒன்று
மூன்று வருஷம் கழித்து
அதே மஞ்சள் கறையோடு என்னிடமே வந்திருந்தது.
மொத்தம் முப்பத்தொன்று.
அலசினேன். கஞ்சியெல்லாம் வாளியில் இறங்கியது.
மிஞ்சியதை வெயிலுக்கு நேரே பிடித்தால்
எதிர்ப் புங்கமரத்தில்
காக்கை அலகு திறப்பது தெரிந்தது.
கண்ணுக்கே வழிவிடுகிற துணி
கிருமிக்கா கதவடைக்கும்?

பௌசியா மெழுகுவத்தியோடு வந்தாள்.
துணி கட்டிய வாயால் ஊத வேண்டும்.
சுடர் அணைந்தால் துணி தோற்றது.
டூ பை டூ ரூபியா, அணைந்தது.
பாப்ளின் ஒற்றையாக, படுத்து எழுந்தது.
பாப்ளினுக்குள் பழைய பருத்தி வேட்டி,
சுடர் தலையை மட்டும் ஆட்டியது.
நடுவே இன்னொன்றும் வைத்து ஊதினாள்.
அசையவில்லை.
அவளுக்குத்தான் சிரிப்பு வந்து
துணி வாய்க்குள் போய்விட்டது.

திம்மராயனுக்கு
ஜெகதேவி ரோட்டில் கல் அறுக்கும் வேலை.
பதினான்கு வருஷமாக ஒரு துண்டுதான் கட்டிப் போனார்.
அவர் இருமல் அவரோடு சைக்கிளில் வரும்,
வாசலில் அவருக்கு முன்னால் இறங்கும்.
வைகாசியில் பட்டறை திறந்தபோது
மாஸ்க் இல்லாமல் கேட்டுக்குள் விடமாட்டோம் என்றார்கள்.
காய்ச்சலுக்காகச் சொன்னது.
தூசிக்காக யாரும்
ஒருநாளும் சொன்னதில்லை.

மூன்று அடுக்கைக் கட்டி அனுப்பினேன்.
சாயங்காலம் தையலைப் பிரித்தேன்.
மேல் துணி, அடுப்புச் சாம்பல்.
நடுத் துணி, ஈரக் கையால் துடைத்த சிலேட்டு.
மூன்றாவதில் அவர் மூச்சு மட்டும்,
கொஞ்சம் பீடி.

அதைப் பார்த்து நிம்மதியாகிவிடக் கூடாது என்று தெரியும்.
கல்மாவு துணிக்குத் தெரியாமலும் போகும்.
அதற்கென்று வேறு மாஸ்க் உண்டு,
கம்பெனி வாங்கித் தர வேண்டியது.
கேட்டுப் பார்த்தார்.
மேஸ்திரி சிரித்தாராம்.

என் கையில் இருப்பது கத்தரியும் இரண்டாயிரமும்.
மேலே பாப்ளின், உள்ளே பருத்தி.
நடுவே என்ன என்று பௌசியா கேட்டாள்.
அந்த முப்பத்தொன்றையும் எடுத்துப் போட்டேன்,
ரெண்டு மடிப்பாக.
இருநூறு மாஸ்க்கைக்கூடத் தாண்டவில்லை.
விஷயம் தெரிந்ததும்
தெருவே பீரோவைத் திறந்தது.
கிளிப்பச்சை, ராமர் நீலம், பாக்குக் கலர்,
யார் யாருக்குக் கொடுத்ததென்று
யாருக்குமே நினைவில்லாதவை.

பஞ்சாயத்து கிளார்க் எண்ணி முடித்து
ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தார்.
"என்னம்மா, இவ்வளவு கனமா?"
புங்கமரத்தில் காக்கை இருந்தது.
அவருக்குத் தெரியவில்லை.

உள்ளே திம்மராயன் இருமினார்.
கிளார்க் ஓரடி பின்னால் போய்
கையிலிருந்ததை
மூக்கில் வைத்துக்கொண்டார்.