மூன்றுக்கு மேல்

விடிய இன்னும் அரைமணி நேரம்.
டங்கிரிகா ஆற்றுமுகத்தில்
அழுகிய கடற்பாசி கணுக்கால்வரை.
கூட்டத்தோடு நின்று கடலைப் பார்க்கிறேன்.
என் தம்பி செவேரோ
இன்று நாடுகடத்தப்பட்டவனாக நடிக்கிறான்.

ஒத்திகைக்கு வரவில்லை.
எனக்கெதற்கு ஒத்திகை என்றான்.

நவம்பர் பத்தொன்பதென்றால் இப்படித்தான்.
மூன்று படகுகள்
வாழையிலையும் தென்னங்கீற்றும் கட்டிக்கொண்டு
ஆழத்துக்குப் போய்த் திரும்பி வரும்.
கரை நெருங்குமுன் மோட்டாரை அணைத்துவிட வேண்டும்.
இருநூறு வருடத்துக்கு முந்தைய படகில்
பெட்ரோல் வாடை வரக்கூடாதாம்,
விழாக்குழுவின் திருமதி நொராலெஸ் கண்டிப்பு.

யுருமெய்ன்.
எங்கள் தீவின் பெயர் அது.
வரைபடத்தில் ஏதோ புனிதரின் பெயரில் கிடக்கிறது.
ஆப்பிரிக்கரும் தீவின் பழங்குடியும்
ஒரே அடுப்பில் சமைத்து
ஒரே ரத்தமான இடம்.
மரவள்ளி போதும் எங்களுக்கு.
வெள்ளைக்காரனுக்குக் கரும்பு வேண்டியிருந்தது.
குடிசையை எரித்தான், ஓடங்களை எரித்தான்,
மிஞ்சியவர்களைப் பாலிசோ என்ற
ஊற்றில்லாத திட்டில் கொண்டுபோய்க் கொட்டினான்.
நாலாயிரத்துச் சொச்சம் பேர்.
கப்பல் ஏற்றுமுன் பாதி.
செத்தவர்களுக்கும் கணக்கு இருந்தது.

எங்கள் எண்களைப் பற்றிச் சொல்ல வேண்டும்.
அபன், பியாமா, யூருவா.
மூன்றோடு முடிந்துபோகும் எங்கள் சொல்.
காதுரு, செயிங்கு, சிசி
நான்கிலிருந்து எல்லாம் பிரெஞ்சுக்காரனுடையது,
பேரம் பேசிய பழக்கத்தில் நாக்கில் ஒட்டியது.
ஆக, பாலிசோவில் ஒரு தாய்
முதல் மூன்று பிள்ளைகளைத்தான்
சொந்தச் சொல்லில் புதைத்திருப்பாள்.

செவேரோவையும் எண்ணினார்கள்.
ப்ராங்க்ஸில் பதினெட்டு வருடம்
அடுத்தவர் வீட்டுக்குக் குளிர்சாதனம் மாட்டினான்.
பின்விளக்கு எரியாத வேனை நிறுத்திய போலீஸ்காரர்
ஏதோ பழைய காகிதத்தைக் கண்டுபிடித்தார்.
லூசியானாவில் எழுபது நாள்.
விமானத்தில் ஏற்றுமுன் இடுப்பில் சங்கிலி,
தலை எண்ணிக்கை,
சரியாக வரவில்லையென்று மறுபடி.
நீ எத்தனையாவது என்று கேட்டேன்.
"சிசி" என்றான்.
அதற்குமேல் அந்தப் பேச்சே இல்லை.

எங்கள் மொழியில் 'நான்' இரண்டு.
ஆண் சொன்னால் ஆவு, பெண் சொன்னால் நுகுயா.
அவன் மகள் இஸோரா
ஞாயிறுதோறும் அங்கிருந்து கூப்பிடுகிறாள்.
'ஆவு' 'ஆவு' என்கிறாள்.
அப்பாவிடம் மட்டும் மொழி படித்த பெண்.
யாரும் திருத்தவில்லை.
திருத்தலாமா என்று எனக்கும் தெரியவில்லை.

மோட்டார் அடங்கியது.
துடுப்பு. பிறகு மேளம்.
முதல் படகு மணலில் இடிக்க
எல்லோரும் குதிக்கிறார்கள்.
அபன், பியாமா, யூருவா...
இவன் மட்டும் பலகையில் உட்கார்ந்தே இருக்கிறான்.
மடியில் கண்ணாடிப் பை,
விமான நிலையத்தில் அவனது பெல்ட்டையும் சாவியையும்
போட்டுக் கொடுத்த அதே பை.
அதற்குள் மரவள்ளிக் குச்சிகள் நாலைந்து.
உடைக்குள் ஒளித்துக் கொண்டுவந்தார்கள் என்பது கதை.
இவன் ஒளிக்கவில்லை.

கரையிலிருந்து நாங்கள் கேட்க வேண்டிய கேள்வி:
எங்கிருந்து வருகிறீர்கள்?
யுருமெய்ன் என்று மற்றவர்கள் கத்தினார்கள்.
இவன் நிதானமாக,
பேருந்தில் பக்கத்து இருக்கைக்காரனிடம் சொல்வதுபோல,
"நியூயார்க்" என்றான்.

சிரித்தார்கள்.
முன்வரிசைதான் முதலில் நிறுத்தியது.
மேளக்காரன் லாம்பே நிறுத்தவில்லை,
தோல்மேல் உள்ளங்கை விழுந்துகொண்டே இருந்தது.

நீரில் இறங்கிப் போனேன், பாவாடை நனைய.
பையை வாங்கிக்கொண்டேன்.
அவன் கையைப் பிடிக்கவில்லை,
பிடித்தால் உதறுவான், தெரியும்.
தானாகவே இறங்கினான்.

அப்போதுதான் திருமதி நொராலெஸ்
ஒலிபெருக்கியில் சொன்னார்:
டிவிக்காரர் படமெடுக்கத் தவறிவிட்டாராம்.
தயவுசெய்து
படகுகள் ஒருமுறை திரும்பிப் போய்
மறுபடி வரவேண்டும்.

செவேரோ ஈர மணலில் உட்கார்ந்து
செருப்பில் சுற்றிய பாசியை
ஒவ்வொன்றாகப் பிய்த்தெடுக்கத் தொடங்கினான்.