கழுவியவன் கணக்கு

அவளை நேரில் பார்த்தது ஏழு முறை.
மற்றபடி தகர டப்பாவாகத்தான் வந்தாள்
சுண்ட்பிபெரி ஆய்வுக்கூடத்தின் பின்கதவுக்கு,
பேருந்து ஓட்டுநர் கையில்.
மூடியில் ஒட்டிய பிளாஸ்திரியில் பென்சில் எழுத்து:
தூர்டிஸ் அல்ம்லூவ். அவசரம். பணம் அப்புறம்.

முதல் டப்பாவுக்குக் கேமராவே தேவைப்படவில்லை.
வெற்றுப் பிலிமில் தார், முட்டை வெள்ளை,
எறும்பின் கால்கள்.
இதில் கழுவ என்ன இருக்கிறது என்று
தொலைபேசியில் கேட்டேன்.
"அப்போ உலர்த்திக் கொடு" என்றாள்.

அடுத்த வருடம் மார்கரின் விளம்பரம்.
நாற்பது விநாடி.
ரொட்டிச் சரிவில் வெண்ணெய்க்கத்தி
பனிச்சறுக்குக்காரனைப் போல இறங்கியது.
அந்தக் காசில் கிரூனாவுக்கு ரயிலேறி
சுரங்க வேலைநிறுத்தத்தைப் பதினொரு நாள் எடுத்தாள்.
ஒரு முகம் கிடையாது.
கைகள்.
காப்பிக் கோப்பையைப் பிடித்தபடி
சும்மா இருக்கப் பழகும் கைகள்.

பல் மருத்துவ மாணவர்களுக்கு ஒரு பாடப்படம்.
குழந்தைகளுக்குப் பேசும் பஞ்சுக்கரடி
(இருமும் குரல் அவளுடையது).
முழுநீளக் கதைப்படம் ஒன்று,
யேவ்லெயில் ஒரு வாரம் ஓடியது.
இல்லை, ஆறு நாள்.

இவருக்குச் சொந்தமாக ஒரு பாணி இல்லையா
என்று கேட்டது ஒரு செய்தித்தாள்.
அந்தத் தாளில் சுற்றித்தான்
அடுத்த டப்பா வந்தது.
கழுவுகிற மீனில் நழுவுகிற மீன்:
நானும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தேன்,
எத்தனை கையெழுத்து என்று
ஈரச் சுருளை விளக்கில் பிடித்துப் பார்த்தபடி.

பிறகு ஆய்வுக்கூடத்தை மூடினார்கள்.
தொட்டிகளைப் போலந்துக்காரர் ஒருவர் வாங்கிப் போனார்.
இப்போது அங்கே உடற்பயிற்சிக் கூடம்.

அவள் இறந்து மூன்று வாரம் கழித்து
வீட்டுக்கே வந்தது டப்பா.
அதே பிளாஸ்திரி, நடுங்கிய பென்சில்:
அவசரமில்லை. பணம் உள்ளே.

வெளிச்சத்தில் திறந்தால் படம் போய்விடும்.
குளியலறையில் கதவிடுக்கைத் துண்டால் அடைத்து
இருட்டில் விரல் விட்டேன்.
மடித்த நோட்டுகள். கீழே சுருள்.
அதன் ஓரத்தைத் தடவினேன்.
வழவழப்பு.
கேமராவில் ஓடியதா, ஓடாததா,
விரலுக்குத் தெரியவில்லை.

மூடிவிட்டு விளக்கைப் போட்டால்
பழைய நூறு குரோனர் நோட்டுகள், பதினான்கு.
எந்தக் கடையிலும் செல்லாது இனி.
நானே மறந்துபோன பாக்கி
அவளுக்கு நினைவிருந்திருக்கிறது.

டப்பா குளிர்பெட்டியில் இருக்கிறது,
ஊறுகாய் ஹெரிங் ஜாடிக்குப் பக்கத்தில்.
கழுவ ஆளில்லாமல் அல்ல.
பாலினில் ஒரு பையன் இன்னும் செய்கிறானாம்.
முகவரி வாங்கி வைத்திருக்கிறேன்.