நாற்பத்து நாலாம் நம்பர் பூட்ஸ்

சாப்பாவில் கிளம்பும்போதே சொன்னேன்:
வரப்பில் நடக்கும்போது படம் எடுக்காதீர்கள்,
நின்று எடுங்கள்.
ஐந்து பேர் தலையாட்டினார்கள்.
ஆறாவது ஆள் யோரிஸ்
அவர்கள் தலையாட்டுவதைப் படம் எடுத்துக்கொண்டிருந்தான்.

அவன் காலுக்குத்தான் பூட்ஸ் கிடைக்கவில்லை.
மூன்று கடை ஏறி இறங்கி
நாற்பத்து நாலாம் நம்பரில் ஒரு ஜோடி,
இடது கால் பச்சை, வலது கால் கறுப்பு,
வாடகை மட்டும் ஒரே வாடகை.

மே மாதம். மழை விட்டு ஒரு மணி நேரம்.
மலை முழுக்கத் தண்ணீர் நிறுத்தியிருந்தோம்.
கண்ணாடி மாதிரி, என்றாள் ஒருத்தி.
வருகிற எல்லாரும் அதைத்தான் சொல்கிறார்கள்.
எனக்குத் தெரிவது வேறு:
யார் வயலில் எத்தனை விரல் தண்ணீர்.

என் வயலில் எட்டு விரல்.
கீழ்த்தட்டு ப்ளியாவுடையது, என் ஓரகத்தி.
அங்கே இரண்டு.
என் மடைவாயை நான் உயர்த்திக் கட்டியிருக்கிறேன்.
ஒரு மூங்கில் குழாய் விவகாரம், மூன்று வருடம்.
அவள் கோழி என் பக்கம் வந்தால்
கோழியோடு பேசுவேன்.

இதெல்லாம் வழிகாட்டுகிறவள் சொல்கிற கதையா?
இது அவுரிச்செடி, துணிக்குச் சாயம், என்றேன்.
நீலம் ஏறிய என் நகங்களைக் காட்டினேன்.

அப்போதுதான் யோரிஸ் பின்பக்கமாக ஓரடி வைத்தான்,
எருமையும் மேகமும் ஒரே படத்தில் விழட்டுமென்று.
சத்தம் பெரிதாக இல்லை.
ஈரத்துணி நழுவி விழுந்த மாதிரி
ஒரு முழம் வரப்பு உட்கார்ந்துவிட்டது,
அதன் மேல் அவன்.

மன்னிப்பு கேட்டுக்கொண்டே இருந்தான். பணம் நீட்டினான்.
இரண்டு நிமிட வேலை, என்று சொல்லி
கல்லும் புல்லும் சேறும் திணித்து அடைத்தேன்.
கைதட்டினார்கள்.
நிற்காது என்று கைகளுக்குத் தெரிந்திருந்தது.

ராத்திரி எங்கள் வீட்டு மாடியில்
ஆறு மெத்தை, ஆறு கொசுவலை.
என் புருஷன் பாவ் சோளச்சாராயம் ஊற்றி ஊற்றி
அவர்களுக்கு எங்கள் மொழியில் நாலு வார்த்தை பழக்கினான்.
எல்லாரும் தூங்கியபின் மறுபடி மழை.
தகரத்தில் விழுவது ஒரு சத்தம்.
அதற்கு அடியில் இன்னொன்று,
இறங்கிப் போகிற தண்ணீருடையது.

யோரிஸின் தலைவிளக்கு ஆணியில் தொங்கியது.
கேட்காமல் எடுத்தேன்.

என் கல்லையும் புல்லையும் காணவில்லை.
வயல் கீழே கொட்டிக்கொண்டிருந்தது.
கீழே இன்னொரு வெளிச்சம்:
செல்போனைப் பல்லில் கடித்தபடி
முழங்கால் சேற்றில் ப்ளியா,
தன் மடையை அடைத்துத் தண்ணீரைப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

பிடிபட்ட திருடி மாதிரி நின்றோம், இரண்டு பேரும்.
யார் திருடி என்பதுதான் தெரியவில்லை.

போனைக் கையில் எடுத்தாள்.
"விளக்கைக் கண்ணில் அடிக்காதே."
மூன்று வருடத்தில் முதல் வாக்கியம்.

தலையைத் திருப்பினேன். வெளிச்சம் அவள் நாற்றங்காலில் போய் நின்றது.
நாள் கடந்த நாற்று,
நட வயல் இல்லாமல், நுனியெல்லாம் மஞ்சள்.
இதை நான் பகலில் பார்த்ததே இல்லை.
பகலில் அந்தப் பக்கம் திரும்புவதில்லை.

மண்வெட்டியை ஊன்றிக்கொண்டு நின்றேன்.
"ஐந்து விரல் வந்ததும் சொல்."
"ஆறு," என்றாள்.
"ஐந்து."
மழையில் நின்று அவள் விரலை விட்டு விட்டுப் பார்த்தாள்.
ஐந்தரையில் அடைத்தோம்.
அவள் கீழிருந்து மண்கட்டி எடுத்துக் கொடுத்தாள், நான் மிதித்தேன்.
குழாயைப் பற்றி அவளும் பேசவில்லை, நானும் பேசவில்லை.
அது இன்னும் அங்கேதான் கிடக்கிறது.

காலையில் வாழைப்பழ அப்பத்துக்குத் தேன் ஊற்றிக்கொண்டே
யோரிஸ் தன் விளக்கைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.
பட்டையெல்லாம் சேறு.
"ராத்திரி உள்ளே தண்ணீர் வந்துவிட்டதா?"

வந்தது, என்றேன்.