நடுவில் ஒரு வரப்பு

மகனின் பழைய கணக்கு நோட்டில்
ஸ்கேல் வைக்காமல் ஒரு கோடு கிழித்தேன்.
இடப்பக்கம் அகஸ்தியன்பள்ளி.
வலப்பக்கம் ஆனையிறவு.
பாத்திக்கு வரப்பு கட்டிப் பழகிய கை;
கோடு கொஞ்சம் கிழக்கே வளைந்துவிட்டது.

அகதி அட்டையோடு வந்த யோகமலர்
நாலு கோடை என் பக்கத்துப் பாத்தியில் உப்பு வாரினாள்.
திரும்பிப் போனவளுக்கு அங்கேயும் உப்பளம்தான்.
இப்போது வாய்ஸ் மெசேஜில்
நான் கேட்கிறேன், அவள் சொல்கிறாள்,
நான் எழுதுகிறேன்.

கூலி: அவளுக்கு ஆயிரத்து எழுநூறு,
எனக்கு நானூற்று எண்பது.
வாயடைத்துப் போனேன்.
"அவதிப்படாத, எங்கட காசை மூன்றரையால பிரி" என்றாள்.
பிரித்தேன்.
ஐந்து ரூபாய் அவளுக்குக் கூட.

ரூபாயை விடு, அரிசியில் சொல் என்றேன்.
அவளுடைய ஒரு பகல் ஏழு கிலோ.
என்னுடையது கடையில் எட்டு.
ரேஷனில் வாங்கினால் கணக்கே வராது;
சுழியால் வகுக்கக் கூடாதென்று
இதே நோட்டின் முன்பக்கத்தில்
மகன் சிவப்பில் எழுதி வைத்திருக்கிறான்.

வலப்பக்கம்: சேமலாப நிதி.
அவளிடம் எட்டுப் பிடித்து
கம்பனி பன்னிரண்டு போடுகிறதாம்.
சிட்டையைப் படம் எடுத்து அனுப்பினாள்,
மூன்று மொழி,
மூன்றிலும் அவள் பெயர் தப்பு.
இடப்பக்கம் என்ன எழுத?
நலவாரிய அட்டை என்று எழுதினேன்.
புதுப்பிக்கப் போனபோது கைரேகை விழவில்லை.
உப்பு தின்ற விரல்.
நான் நானில்லை என்றது மெஷின்.
அதையும் எழுதினேன், சின்ன எழுத்தில்.

பிள்ளைப்பேற்று லீவு,
அங்கே சம்பளத்தோடு.
"சட்டத்தில இருக்கு. நான் இன்னும் அமய ஊழியரெல்லோ."
அமயம் என்றால்?
"கூப்பிட்டா வா. கூப்பிடாட்டா வராத."
எங்கள் பக்கம் அதற்குத் தனியாகச் சொல் கிடையாது,
எல்லோரும் அதுதான்.

பிறகு என் முறை:
பெண்ணுக்கு டவுன் பஸ்ஸில் டிக்கெட் இல்லை,
மாதம் ஆயிரம் கணக்கில் விழும்,
உப்பு விளையாத மாதங்களுக்கு நிவாரணம் உண்டு.
"குடுத்து வச்சனீங்கள்" என்றாள்.
பஸ் வருமா என்று அவள் கேட்கவில்லை.
நானும் சொல்லவில்லை.
கல்லணையில் திறந்ததெல்லாம்
கடைமடைக்கு வந்து சேரும்போது
கணுக்கால் நனைந்தால் சரி என்றுதானே இருக்கிறோம்.

சித்திரையில்
அவர்கள் பக்கம் மட்டும் பெய்தது.
வாரவேண்டிய வெள்ளை எல்லாம்
கரைந்து களப்புக்கே திரும்பிப் போனது.
பதினாறு நாள்
யாரும் அவளைக் கூப்பிடவில்லை.

அதே பதினாறு நாள்
எங்களுக்கு இரட்டை லோடு.
டிராக்டர் விளக்கைப் போட்டு ராத்திரியும் மூட்டை பிடித்தோம்.
எங்கே போகிறது என்றதற்கு
துறைமுகம் என்றான் லாரிக்காரன், அதற்குமேல்
அவனுக்கும் தெரியாது.
மகனுக்கு ஃபீஸ் கட்டினேன்.
ஒரு மூக்குத்தியைக்கூட மீட்டேன்.

போன வாரம் ஒரு படம் வந்தது.
பரந்தன் சந்தியில் மளிகைக் கடை,
வாசலில் ஐம்பது கிலோ மூட்டை,
வாயில் பச்சை நூல்,
கடைசித் தையலில் ரெட்டை முடிச்சு.
"இது உன்ர கையடி" என்றாள்.
"காசு குடுத்து வாங்கினனான்.
முடிச்சை அவிழ்க்கத்தான் ஏலாமல் கிடக்கு, கத்தியால வெட்டினது."
கோபமா, சிரிப்பா?
காற்றின் இரைச்சலில் தெரியவில்லை,
நாலு தரம் போட்டுக் கேட்டேன்.

எழுதத்தான் வேண்டும்.
எந்தப் பக்கம்?
இங்கே கூட்டினால் அங்கே கழிகிறது.
கடைசியில் கோட்டின் மேலேயே எழுதினேன்:
பதினாறு நாள்.
மை இரண்டு பக்கமும் இழுத்துக்கொண்டது.

பேனாவை மூடுமுன் மேஸ்திரி போன்.
நாளை விடியலில் லோடாம்,
ஆளுக்கு நாற்பது மூட்டையாம்.

அங்கே மழையா என்று
யோகமலருக்கு அனுப்பியிருக்கிறேன்.
இன்னும் ஒற்றை டிக்.