விடுதலைப் பத்திரத்தின் நகல்

ராயக்கோட்டையில் தக்காளி மண்டிக்குப் பின்னால்
எங்கள் அலுவலகம்.
காகிதம் கிடையாது, மையும் கிடையாது.
அடுக்கடுக்காய்ச் சாம்பல்நிறக் கல்பலகைகள்,
விளிம்பில் தட்டினால்
விழுங்கியதைத் திருப்பிச் சொல்லும்.

நான் ஒலியெழுத்தர். அரசுச் சம்பளம்.
புளியங்கட்டைச் சுத்தியால் ஒரு தட்டு: கல் திறக்கும்.
இன்னொரு தட்டு: மூடும்.
இரண்டுக்கும் நடுவில்
மூக்கால்கூட நான் அங்கே இருக்கக் கூடாது.
வளையல்கள் மேசை இழுப்பறையில்.
சளி பிடித்தால் விடுப்பு; சான்றிதழ் வேண்டாம்,
இருமிக் காட்டினால் போதும்.

மாந்தோப்பு என்றால் மரங்களை எண்ணிச் சொல்ல மாட்டோம்.
பலகையைத் தோப்புக்கே தூக்கிப்போய்
ஒரு காற்றுக்குக் காத்திருப்போம்.
பெங்களூராவா செந்தூராவா, இலை சொல்லிவிடும்.
பொய்ச்சாட்சி எச்சில் விழுங்குவது
அவன் பெயருக்கு முன்னாலேயே கல்லில் ஏறிவிடும்.
கேட்பது எங்கள் வேலை. கேட்டதைச் சொல்வது
நீதிமன்றம் அழைத்தால் மட்டும்.

போன செவ்வாய் கெம்பம்மா வந்தாள்,
இடுப்பில் காலித் தக்காளிப் பெட்டி.
"பதினோரு வருசம் முந்தி
என் பங்கை விட்டுக்குடுத்தேனாம்.
என்ன சொன்னேன்னு எனக்கே ஞாபகமில்லை.
ஒரு நகல் வேணும்."

பலகை நானூற்றுப் பன்னிரண்டு.
தூசி துடைத்து விரல்முட்டியால் தட்டினேன்.

முதலில் அண்ணன் மாரப்பனின் சாவிக்கொத்து.
தம்பி பசப்பன் செருப்பைத் தரையில் தேய்க்கிறான்.
அவள் மடியில் ஒரு பிள்ளை பால் குடிக்கிறது,
விட்டு விட்டு, அவசரமில்லாமல்.
பிறகு என் குரல், பதினோரு வயது இளையது:
"ஏரிக்கரை ஒன்றரை ஏக்கரில் உன் பாத்தியதையை
அண்ணன் தம்பிக்கு முழுமனதாய் விடுகிறாயா?"

அப்போது பெங்களூர் வண்டி.
கல் அதையும் விழுங்கியிருக்கிறது, பெட்டி பெட்டியாக.
என் கேள்வியின் பின்பாதி
சக்கரங்களுக்கு அடியில்.

வண்டியின் வால் தேயும்போது கெம்பம்மா:
ம்

பேரேட்டில் 'சம்மதம்' என்று பதிந்தவள் நான்தான்.
இன்றைக்குக் கேட்டால், சம்மதிக்கிற 'ம்'
கீழே இறங்கி உட்காரும்;
இது எழுந்து நிற்கிறது.
நுனி மேலே வளைந்து,
காதை என் பக்கம் திருப்பி
ம்?
அடுத்த சொல்லுக்கு உதடு பிரிகிற ஈரச் சத்தம்.
அதன்மேல் என் இரண்டாவது தட்டு.

அன்று எனக்கு ஒன்றேகால் பேருந்து.
இதை எந்தக் கல்லும் பதியவில்லை.

மறுபடி போடச் சொன்னாள். ஒன்பது தடவை.
அழவில்லை.
பிள்ளை பால் குடிக்கும் இடம் வரும்போதெல்லாம்
"அது இப்ப ஆறாவது படிக்குது" என்றாள்.

மதியத்துக்குள் மாரப்பன் வந்துவிட்டான்.
அதே கொத்து, கூடுதலாய் இரண்டு சாவி.
பார்க்கவில்லை, காதே எண்ணிக்கொண்டது.
"அந்த நுனியை மட்டும் லேசாத் தேய்ச்சுடுங்க மேடம்.
துண்டு உப்புத்தாள் போதுமே."
போதும்தான்.
என் இழுப்பறையில், வளையல்களுக்குக் கீழே,
ஒரு துண்டு இருந்தது.

நகலெடுத்தேன்.
சாவி, செருப்பு, பால், ரயில், கேள்வி.
கடைசியில் விதியை மீறி என்னையும் சேர்த்தேன்:
"பதிவர் மு. ரத்தினா. அவசரப்பட்டது நான்."
அந்த வாக்கியத்தில் என் மூச்சும் கேட்கும்.
மெமோ வரும். வரட்டும்.

ஐந்து மணிப் பாலக்கோடு பேருந்தில்
சாக்கில் சுற்றிய கல் அவள் பெட்டிக்குள்.
இரண்டு இருக்கை தள்ளி நான்.
வேகத்தடையில் வண்டி ஏறி விழ
பெட்டிக்குள்ளிருந்து
ம்?

நடத்துனர் திரும்பினார்.
"யாரும்மா கேட்டது? எங்க போகணும்?"

முந்தானை முடிச்சை அவிழ்த்துச்
சில்லறையை நீட்டினாள் கெம்பம்மா.
"ஏரிக்கரை ஒண்ணு."